காலம் என்னும் வேட்டைநாய்

புனைந்த தெய்வங்களின் வரலாறு – 6

சென்ற இதழில் வில்லியம் பிளேக்கின் லாஸைச் சந்தித்தோம். உலைக்களத்தில் சம்மட்டி ஏந்தி நிற்கும் கொல்லன் அவன், காலத்தின் வடிவம். பிளேக் தம் தெய்வங்களைக் கண்ணால் கண்டதாகவே சொன்னவர், மனதார நம்பியவர். அவர் 1827இல் மறைந்தார். அதற்கு 78 ஆண்டுகளுக்குப் பிறகு, அதே லண்டனில், யாரும் நம்பவேண்டும் என்ற எதிர்பார்ப்பே இல்லாமல் ஒரு தெய்வக்கூட்டம் அச்சேறியது. அந்தத் தெய்வங்களுக்கு இந்த உலகத்தில் கோயில் கிடையாது, பக்தர் கிடையாது, எந்த மதத்தோடும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. ஒரு மனிதர் தனியே உட்கார்ந்து இறகுப் பேனாவால் எழுதி உண்டாக்கிய வானமும், காலமும், அவற்றின்கீழ் வாழும் கடவுளரும்தான் அந்த நூல்.

நூலின் பெயர் ‘பெகானாவின் கடவுளர்’. ஆண்டு 1905. எழுதியவர் டன்சனி பிரபு. இன்று ஃபேன்டசி என்று நாம் சொல்லும் இலக்கியத்தின் தொடக்கப் புள்ளிகளில் ஒன்றாக அதை எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். விண்மீன்களையும் காலத்தையும் தெய்வக் கதையாக்குவதில் அவர் செய்த காரியம் ஒன்று உண்டு. அவருக்குப் பின் வந்த பலரும் அதைத் தவறவிட்டார்கள் என்பது என் எண்ணம். இந்த அத்தியாயம் அதைப் பற்றியது.

மீத் மாவட்டத்துப் பிரபு

எட்வர்ட் ஜான் மோர்ட்டன் டிராக்ஸ் பிளங்கெட் என்பது அவருடைய முழுப்பெயர். 1878இல் லண்டனில் பிறந்தார். குடும்பக் கோட்டை அயர்லாந்தின் மீத் மாவட்டத்தில், பண்டைய அரசர்களின் தாரா குன்றுக்கு அருகில் இருக்கிறது. தந்தை இறந்ததும் 1899இல் 18ஆவது டன்சனி பிரபு ஆனார். போயர் போரில் சண்டையிட்டார். வேட்டைப் பிரியர். சதுரங்கத்தில் தேர்ந்தவர், முன்னாள் உலக சாம்பியன் கபாபிளாங்கா 1929இல் ஒரே நேரத்தில் பலரோடு ஆடியபோது அவரிடம் டிரா வாங்கியவர்.

இப்படிப்பட்டவர் எதற்காகத் தெய்வங்களைப் புனையவேண்டும்? விடை அவர் படித்த விதத்தில் இருக்கிறது. சிறுவயதில் அவர் கண்ணில் செய்தித்தாளே படாமல் வீட்டார் பார்த்துக்கொண்டார்கள். கிரிம் சகோதரர்களின் கதைகளும் ஆண்டர்சன் கதைகளுமே வாசிப்பு. பள்ளிக்கூடம் போனதும் பைபிளை நிறையப் படிக்கவைத்தார்கள். 1611இல் வெளிவந்த ஜேம்ஸ் மன்னர் பதிப்பின் நடை அவர் காதில் ஏறிவிட்டது. பள்ளியிலேயே கிரேக்கமும் படித்தார். அந்த மொழியை அவர் முழுதாகக் கற்றுத் தேறவில்லை. ஆனாலும், ஒரு காலத்தில் ஊரெல்லாம் கும்பிட்டு, பிறகு கைவிடப்பட்ட அந்தப் பளிங்குக் கடவுளர்மேல் அவருக்கு ஓர் இரக்கம் பிறந்தது. அதை அவரே பின்னாளில் எழுதியிருக்கிறார்.

பெகானாவுக்கு வித்து அந்த இரக்கம்தான் என்பேன். கடவுளருக்கும் முடிவு உண்டு என்பதைப் பாடப்புத்தகத்திலேயே பார்த்துவிட்ட சிறுவன் வளர்ந்து தனக்கென்று கடவுளரைப் படைக்கும்போது, அவர்களின் முடிவையும் சேர்த்தே படைத்தான்.

நூலை எல்கின் மாத்யூஸ் பதிப்பகம் வெளியிட்டது, செலவு டன்சனியுடையது. அச்சுக்காக அவர் கைப்பணம் போட்டது அந்த ஒரு முறைதான். படங்கள் வரைந்தவர் சிட்னி சைம். இளமையில் நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை பார்த்து, பிறகு ஓவியரானவர். எழுதியவர் கோட்டையில் வாழ்ந்தவர், வரைந்தவர் சுரங்கத்தின் இருட்டை அறிந்தவர். பெகானாவின் வானத்துக்கு இருவரும் தேவைப்பட்டார்கள்.

தேடுவது, பார்ப்பது, நிலைப்பது

எல்லாவற்றுக்கும் முன்னால் இருந்தவை விதியும் தற்செயலும். இரண்டும் ஆடிப் பார்த்தன. வென்றது எது என்று யாருக்கும் தெரியாது. வென்றது மூடுபனியின் ஊடே நடந்து, மானா-யூட்-சுஷாய் என்னும் முதல்வனிடம் போய், தனக்காகக் கடவுளரைப் படைக்கச் சொன்னது. மானா சிறு கடவுளரைப் படைத்தான். பிறகு உறங்கிப்போனான்.

அவன் உறங்கும்போது சிறு கடவுளருக்குப் பொழுது போகவில்லை. பெகானாவின் அமைதியைக் குலைக்க அஞ்சி, வாய் பேசாமல் கைச்சாடையால் பேசிக்கொண்டு, உலகங்களை உண்டாக்கினார்கள். பூமி வந்தது. அப்புறம் வானத்தில் மூன்றை வைத்தார்கள்.

முதலாவது வால்நட்சத்திரம். கடவுளர் எதற்காகப் படைக்கப்பட்டார்கள் என்று தேடுவது அதன் வேலை. எந்நாளும் அது கண்டுபிடிக்கப்போவதில்லை. அடுத்தது நிலா. அதன் வேலை பார்த்துக்கொண்டிருப்பது. கடைசியாக, அசைகிறவற்றின் நடுவே அசையாமல் இருக்க ஒன்று வேண்டும் என்று வடக்கே ஒரு நட்சத்திரத்தை நிறுத்தினார்கள். வால்நட்சத்திரத்தைப்போல் அது தேடாது, உலகங்களைப்போல் சுற்றாது. மானா ஓய்ந்திருக்கும்வரை அதுவும் ஓய்ந்திருக்கும்.

இதைவிடச் சுருக்கமாக ஒரு வானத்தை எவரும் படைத்ததில்லை. விளங்காத ஒன்றின் எதிரே நிற்கும் மனிதன் செய்யக்கூடியவை என்னென்ன? தேடலாம், பார்க்கலாம், அசையாமல் இருக்கலாம். டன்சனி அந்த மூன்றையும் வானத்தில் ஏற்றிவிட்டார். கூடவே பெரிய உண்மை ஒன்றையும் போகிறபோக்கில் சொல்லிவிட்டார்: தாங்கள் ஏன் இருக்கிறோம் என்பது கடவுளருக்கே தெரியாது. தெரிந்திருந்தால் தேடுவதற்கு ஒன்றை அனுப்பியிருப்பார்களா?

துருவ நட்சத்திரத்துக்கு அவர் விதித்த வரம்பையும் கவனிக்க வேண்டும். என்றென்றும் நிலைத்திருக்கும் என்று சொல்லவில்லை. மானா உறங்கும்வரை என்றார். வானியலும் அதையேதான் வேறு விதமாகச் சொல்கிறது. பூமியின் அச்சு சுமார் 26,000 ஆண்டுகளுக்கு ஒருமுறை வானில் ஒரு வட்டம் போடுவதால், துருவ நட்சத்திரம் என்ற பதவி கைமாறிக்கொண்டே இருக்கிறது. டன்சனியின் மீத் மாவட்டத்திலேயே நியூகிரேஞ்ச் என்னும் கற்காலக் கல்லறை உண்டு. கட்டி 5,000 ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது. குளிர்காலச் சங்கிராந்தியை ஒட்டிய நாட்களில், உதயச் சூரியனின் கதிர் நீண்ட கல்நடை வழியே உள்ளறைவரை போய் விழும்படி அதைக் கட்டியிருக்கிறார்கள். அதைக் கட்டியவர்களின் காலத்தில் வான்துருவத்துக்கு அருகே நின்றது டிராகோ மண்டலத்தின் தூபான். இன்றைய துருவ நட்சத்திரம் அன்று சாதாரண மீன்களில் ஒன்று. நிலைத்தது என்று நாம் கைகாட்டும் நட்சத்திரத்துக்கும் ஒரு தவணை இருக்கிறது.

பெகானாவின் கடிகாரங்கள்

வானத்தை இவ்வளவு சிக்கனமாக முடித்த டன்சனி, காலத்துக்கு வந்ததும் தாராளமாகிவிடுகிறார். பெகானாவில் காலம் ஒரே உருவத்தில் வருவதில்லை.

முதல் உருவம் முரசு. மானாவின் காலடியில் ஸ்கார்ல் என்பவன் உட்கார்ந்து ஓயாமல் முரசு கொட்டுகிறான். மானா உறங்குவது அந்த ஒலியால். உலகங்களும் சூரியன்களும் அந்த முரசின் எதிரொலிதான் என்கிறார்கள் சிலர். முரசு கேட்டு உறங்குபவனின் கனவுகள் என்கிறார்கள் வேறு சிலர். ஸ்கார்லின் கை ஓய்ந்தால் மானா விழித்துக்கொள்வான். அப்புறம் உலகமும் இல்லை, கடவுளரும் இல்லை. அந்த நாளில் ஸ்கார்ல் முரசைத் தோளில் மாட்டிக்கொண்டு, உலகங்களுக்கு அப்பால் உள்ள வெறுமைக்குள் நடந்துபோவான். வேறொரு கடவுள் தோன்றி அவனுக்கு வேலை தரலாம், அல்லது அவனும் அழிந்துபோகலாம். எதுவானாலும் கவலை இல்லை. அவன் வேலை முடிந்தது. கடவுளர் எல்லோருக்கும் அச்சம் உண்டு, ஆசை உண்டு. கடமையைச் செய்துவிட்டு எழுந்துபோகும் நிம்மதி இந்த முரசுக்காரனுக்கு மட்டுமே வாய்க்கிறது.

இரண்டாவது உருவம் வேட்டைநாய். சிஷ் என்பவன் நாழிகைகளை அழிக்கும் கடவுள். அவனுக்கு முன்னால் உயிரைத் தரும் கிப் போகிறான். பின்னால் சாவின் தலைவன் முங் வருகிறான். சிஷ் ஒருபோதும் பின்வாங்கியதில்லை, நின்றதில்லை, திரும்பிப் பார்த்ததில்லை. அவன் முகத்துக்கு எதிரே உள்ளதெல்லாம் அழகு. முதுகுக்குப் பின்னால் உள்ளதெல்லாம் வாடலும் மூப்பும். அவன் வளர்க்கும் நாயின் பெயர்தான் காலம். துருவாலும் தூசியாலும் நாழிகைகளை ஏவி அவன் நகரங்களைத் தாக்குகிறான். மிச்சத்தை நாய் தின்று தீர்க்கிறது.

அந்த சிஷ்ஷுக்கும் ஒரு பலவீனம் வைத்தார் டன்சனி. வோர்னத்-மவாய் என்றொரு பள்ளத்தாக்கு. தெற்கு நோக்கிய பூந்தோட்டம். சிஷ்ஷும் காலமும் இளையவர்களாக இருந்தபோது அங்கேதான் பூக்களுக்கு நடுவே இளைப்பாறினார்கள். உலகம் முழுவதையும் தாக்கும் சிஷ், அந்த ஓர் இடத்தில் மட்டும் நாயைப் பிடித்து நிறுத்துகிறான். அதன் எல்லையில் முங்கும் காலடி வைக்காமல் நின்றுவிடுகிறான். தான் இளமையாக இருந்த இடத்தை அழிக்க மனம் வராத காலதேவன்! ஒரு தெய்வத்தை நமக்கு நெருக்கமாக்க இந்த ஒரு பள்ளத்தாக்கு போதும். ஊரைவிட்டுப் போன ஒவ்வொருவரும் உள்ளுக்குள் இப்படி ஓர் இடத்தைக் காலத்திடமிருந்து காத்து வைத்திருக்கிறார்கள்.

மூன்றாவது உருவம் புத்தகம். ட்ரோகூல் என்றொன்று. அது கடவுளும் அல்ல, விலங்கும் அல்ல. ஊளையிடாது, மூச்சுவிடாது. பெரிய புத்தகம் ஒன்றின் தாள்களைப் புரட்டிக்கொண்டே இருக்கிறது: ஒன்று வெள்ளை, ஒன்று கறுப்பு. வெள்ளைத் தாள் பகல், கறுப்புத் தாள் இரவு. நடந்ததும் நடக்கப்போவதும் எல்லாம் அதில் எழுதியிருக்கிறது. கடவுளர் இருக்கிறார்கள் என்று அதில் எழுதியிருப்பதால் கடவுளர் இருக்கிறார்கள். நம் பெயர்களும் ஒரு பக்கம்வரை அதில் வரும். புரட்டிய தாளை அது மறுபடி திருப்புவதே இல்லை.

முரசு, நாய், புத்தகம் மூன்றையும் சேர்த்துப் பாருங்கள். முரசில் காலம் நீடிப்பாக இருக்கிறது; நாயில் தேய்மானமாக; புத்தகத்தில் மாற்றமுடியாத வரிசையாக. காலத்தைப் பற்றி மனிதன் கவலைப்பட்ட எல்லா வகைகளையும் சில பக்கங்களில் டன்சனி அடக்கிவிட்டார். மூன்றும் ஒன்றோடொன்று பொருந்துமா என்று அவர் கேட்கவில்லை. உண்மையான புராணங்களும் அப்படிக் கேட்பதில்லை; ஊருக்கு ஒரு விதமாகச் சொன்னால்தான் அது புராணம்.

கடவுளர் அழுத நாள்

மறு ஆண்டே, 1906இல், ‘காலமும் கடவுளரும்’ என்ற இரண்டாம் நூல் வந்தது. தலைப்புக் கதையில், இளமையில் கடவுளர் ஓர் ஆற்றங்கரையில் படுத்துறங்கிப் பளிங்குக் கனவு காண்கிறார்கள். கனவு சர்தாத்ரியன் என்னும் நகரமாக எழுகிறது. தங்கள் படைப்புகளிலேயே அவர்கள் பெரிதும் நேசித்தது அதைத்தான். காலம் இங்கே அவர்களின் வேலைக்காரன். கையில் வாளோடு அவர்கள் ஏவியதைச் செய்து வந்தவன். ஒருநாள் அவன் இரத்தம் சொட்டும் வாளோடு வந்து நிற்கிறான். சர்தாத்ரியனை வீழ்த்திவிட்டேன் என்கிறான். கடவுளர் அழுகிறார்கள். அவனோ வாளின் கைப்பிடியை விரல்களால் தடவியபடி, அவர்கள் முகங்களை நோக்கி மெல்ல நகர்கிறான்.

முதல் நூலின் முடிவிலும் இதே அச்சம்தான். இறுதி நாளில், வயதாகி மெலிந்துபோன காலம் என்னும் வேட்டைநாய், தின்ன ஒன்றும் மிச்சமில்லாமல் தன் எசமானர்களைப் பார்த்தே பசியோடு குரைக்கும் என்று எழுதினார் டன்சனி. கடவுளர் பொன் ஓடங்களில் ஏறி, மௌனத்தின் ஆறான இம்ரானாவில் மிதந்து, மௌனக் கடலில் கலந்துவிடுவார்கள். அவர் புனைந்த தெய்வங்களுக்கு உயிர் வந்தது இந்த இடத்தில்தான். காலத்தை அவர் எந்தக் கடவுளுக்கும் சொத்தாக எழுதிக் கொடுக்கவில்லை. சிஷ் நாயை வைத்திருக்கிறான், ஆனால் நாய் அவனையும் தின்னும்.

சொந்த நேரம் வைத்திருந்த நாடு

இந்தக் கற்பனை வானத்திலிருந்து விழுந்ததல்ல. டன்சனி பிறந்த நூற்றாண்டு காலத்தோடு மல்லுக்கட்டிய நூற்றாண்டு. பூமியின் வயது வேத நூல்களின் கணக்கைத் தாண்டி எங்கோ போய்விட்டது என்பதைப் பாறைகள் காட்டின. சூரியனின் வெப்பத்துக்கும் ஒரு முடிவு உண்டு என்று கெல்வின் 1862இல் கணக்குப் போட்டார். எச். ஜி. வெல்ஸின் கால இயந்திரம் 1895இல் வாசகர்களை அணைந்துகொண்டிருக்கும் சிவப்புச் சூரியனின் முன்னால் கொண்டுபோய் நிறுத்தியது. சூரியனே அவியுமென்றால் வானத்துக் கடவுளர் எம்மாத்திரம்?

கடிகாரத்தையும் விட்டுவைக்கவில்லை. 1884இல் வாஷிங்டனில் கூடிய மாநாடு கிரீன்விச்சை உலகின் முதன்மைத் தீர்க்கரேகையாக ஏற்றது. அதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே, 1880இல், பிரிட்டனுக்குக் கிரீன்விச் நேரம், அயர்லாந்துக்கு டப்ளின் நேரம் என்று பாராளுமன்றம் சட்டம் செய்திருந்தது. டப்ளின் நேரம் லண்டனுக்கு 25 நிமிடம் 21 வினாடி பின்தங்கியது. மீத் கோட்டைக்கும் லண்டனுக்கும் போய்வந்த டன்சனி ஒவ்வொரு பயணத்திலும் கைக்கடிகாரமோ பைக்கடிகாரமோ திருத்த வேண்டியிருந்த காலம் அது.

அந்த நேரம் 1916இல் முடிவுக்கு வந்தது. அவ்வாண்டு ஏப்ரலில் டப்ளினில் ஈஸ்டர் எழுச்சி வெடித்தது. விடுப்பில் இருந்த ராணுவ அதிகாரி டன்சனி, காரில் நகருக்குள் வந்தபோது முகத்தில் குண்டடி பட்டார். அக்டோபர் 1ஆம் தேதி, கோடைகால நேரம் முடிந்து பிரிட்டன் ஒரு மணி நேரம் கடிகாரத்தைப் பின்னுக்கு வைத்தது. அயர்லாந்து 35 நிமிடம் மட்டும் வைத்து கிரீன்விச்சோடு சேர்ந்துகொண்டது. ஒரு நாட்டின் நேரத்தை ஒரு சட்டம் தரவும் பறிக்கவும் முடியும் என்பதைப் பார்த்த தலைமுறை அது. காலத்துக்கு எசமான் யார் என்ற கேள்வி அவர்களுக்கு வெறும் தத்துவம் அல்ல.

வழிவந்தவர்கள்

1919இல் பாஸ்டன் நகரில் டன்சனி பேசினார். முன்வரிசையில் உட்கார்ந்து கேட்டவர்களில் ஒருவர் ஹெச். பி. லவ்கிராஃப்ட். பிற்பாடு அவர் புனைந்த அசதோத் என்னும் புத்தியற்ற தெய்வம் பிரபஞ்சத்தின் நடுவே முரசொலிக்கும் குழலோசைக்கும் நடுவில் கிடக்கிறது. மானாவின் உறக்கமும் ஸ்கார்லின் முரசும் அதில் தெரிகின்றன. ஆனால் ஸ்கார்லின் நிம்மதி போய்விட்டது, திகில் மட்டும் மிஞ்சியது.

பிற்காலத்தில் இலங்கையில் குடியேறி அங்கேயே வாழ்ந்து மறைந்த ஆர்தர் சி. கிளார்க், இளம் வயதில் டன்சனியோடு கடிதத் தொடர்பு வைத்திருந்தவர். 1953இல் வெளியான ‘கடவுளின் தொள்ளாயிரம் கோடிப் பெயர்கள்’ கதையில், திபெத்தியத் துறவிகள் கணினி வைத்துக் கடவுளின் பெயர்களையெல்லாம் எழுதி முடிக்கிறார்கள். முடித்ததும் விண்மீன்கள் அணையத் தொடங்குகின்றன. ஸ்கார்லின் கை ஓய்ந்த கணம்தான் அது; முரசுக்குப் பதில் அச்சுப்பொறி. அறிவியல் புனைவிலும் பெகானாவின் வானம் தொடர்ந்தது.

உர்சுலா லெ குவின் 1973இல் எழுதிய கட்டுரையில் புதிய எழுத்தாளர்களை எச்சரித்தார்: டன்சனியை நகல் எடுக்கப் போகாதீர்கள், அது முதல் படுகுழி. அவர் எச்சரித்தது நடையைப் பற்றி. பழங்காலச் சொற்களை வரிசையாக அடுக்கிவிட்டால் புராணம் வந்துவிடாது என்பது சரியான எச்சரிக்கைதான்.

தெய்வங்களைப் படைக்கிறவர்கள் விழும் குழி வேறு. 1979இல் கேரி கைகாக்ஸ் தம் ‘டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’ விளையாட்டுக்கான வழிகாட்டி நூலில், தமக்கு ஊக்கம் தந்த எழுத்தாளர் பட்டியலில் டன்சனியையும் சேர்த்தார். அதன் பிறகு விளையாட்டுகளிலும் நாவல்களிலும் விண்மீன்களுக்கு ஒரு தெய்வம், காலத்துக்கு ஒரு தெய்வம், விதிக்கு ஒரு தெய்வம் என்று இலாகா பிரித்துக் கொடுக்கும் வழக்கம் பெருகியது. மந்திரிசபை அமைப்பதுபோல் எல்லாம் ஒழுங்காக இருக்கும். ஆனால் காலத்தைத் தன் கையில் வைத்திருக்கும் தெய்வத்துக்குக் காலத்தால் ஒன்றும் ஆகாதென்றால், வாசகனுக்கு அதனிடம் என்ன வேலை? நாம் முதுமை அடைகிறோம், நம் ஊர்கள் மாறிப்போகின்றன, நேசித்தவர்கள் போய்விடுகிறார்கள். இதில் எதுவும் தெரியாத ஒருவரிடம் நாம் பேச ஒன்றுமில்லை. தன் இளமையின் பள்ளத்தாக்கை நாயிடமிருந்து காக்கும் சிஷ்ஷிடம் பேசலாம். சர்தாத்ரியனுக்காக அழுத கடவுளரிடமும் பேசலாம்.

விண்மீன் தெய்வத்தையோ காலதேவனையோ புதிதாகப் புனைய நினைப்பவர்களுக்குப் பெகானா தரும் பாடம் இதுதான்: தெய்வத்தின் ஆற்றலைப் பட்டியலிடுவதற்கு முன், அது எதை இழக்கும் என்று முடிவுசெய்யுங்கள். டன்சனி 1957இல் மறைந்தார். அவர் கடவுளரை யாரும் கும்பிடவில்லை. ஆனாலும் நூறாண்டு தாண்டியும் அவர்களுக்காக மனம் இரங்குகிறது.

அடுத்த இதழில், 1916ஆம் ஆண்டின் சோம் போர்க்களத்திலிருந்து காய்ச்சலோடு திரும்பிய ஓர் இளம் அதிகாரியைச் சந்திப்போம். ஜே. ஆர். ஆர். டோல்கீன் தம் முதல் கதைகளில் பகல், மாதம், ஆண்டு என்னும் மூன்று முதியவர்களைக் கொண்டு காலக் கயிற்றைத் திரிக்கவைத்தார். விண்மீன்களை ஏற்றும் வேலையை வர்தாவிடம் தந்தார். டன்சனியின் கடவுளர் பொழுதுபோக்குக்காக வானத்தை உண்டாக்கியவர்கள். வர்தாவோ இன்னும் கண் விழிக்காத ஓர் இனம் இருட்டில் விழித்துவிடக் கூடாதே என்று புதிய விண்மீன்களை ஏற்றினாள். புனைந்த வானத்துக்குள் கருணை நுழைந்த கதை அது.

(தொடரும்)